கேமராவுக்குத் தெரியாதது

புணேவில் லா காலேஜ் சாலை வழியே போகாத தமிழர் இருக்க மாட்டார். அங்கே பழைய பிரபாத் ஸ்டூடியோ வளாகத்தில் உள்ள திரைப்படக் கல்லூரியில் பயின்ற பாயல் கபாடியாவின் 'எ நைட் ஆஃப் நோயிங் நத்திங்' என்ற படம், 2021-இல் கான் விழாவில் சிறந்த ஆவணப் படத்துக்கான 'தங்கக் கண்' பரிசைப் பெற்றது.

இது வழக்கமான கதைப்படம் அன்று. யார் யாரோ பிடித்த வீட்டுப் படங்கள், செல்போன் காட்சிகள், கண்காணிப்புக் கேமராப் பதிவுகள் ஆகியவற்றைத் தாம் எடுத்த காட்சிகளோடு கோத்திருக்கிறார். 2015-இல் அக்கல்லூரி மாணவர்கள் நடத்திய 139 நாள் வேலைநிறுத்தமும் இதில் உண்டு. சாதியால் காதலனைப் பிரிந்த ஒரு மாணவியின் கடிதங்கள் பின்னணியில் வாசிக்கப்படுகின்றன. கடிதங்கள் கற்பனைதான், ஆனால் அந்தக் குரல் இல்லையென்றால் பல காட்சிகள் வெறும் நிழலாட்டமே.

தில்லி ஜாமியா பல்கலைக்கழக நூலகத்தில் 2019 டிசம்பரில் போலீசார் மாணவர்களை அடித்த கேமராப் பதிவும் படத்தில் வருகிறது. கண்காணிப்பதற்காக மாட்டிய கேமரா, அதிகாரத்துக்கே எதிர்சாட்சி ஆகிவிட்டது. கேமரா இருந்தால் எல்லாம் நம் கைக்குள் என்பது எவ்வளவு பெரிய மாயை!

இதில் நமக்கென்ன என்று கேட்கலாம். ஊரில் தனியாக இருக்கும் பெற்றோர் வீட்டுக் கூடத்தில் இன்று நம்மில் பலர் கேமரா மாட்டியிருக்கிறோம். அம்மா எழுந்தாள், விளக்கேற்றினாள், சாப்பிட உட்கார்ந்தாள் என்பது இங்கே ஆபீசில் இருந்தபடியே தெரிகிறது. விழுந்துவிட்டால் அக்கம்பக்கத்தாரை உடனே அழைக்கலாம். அந்தப் பயனை யாரும் மறுக்க முடியாது.

ஆனால் இரண்டு வாய் சாதத்தோடு எழுந்துவிட்டாளே, பசி இல்லையா, பேச்சுத் துணை இல்லையா? கேமராவுக்கு அது தெரியாது. பிள்ளை பார்க்கிறான் என்று தெரிந்தால், முடியாத உடம்போடும் நிமிர்ந்து நடப்பவள்தானே தாய்? 'பார்த்துவிட்டோம்' என்ற நிம்மதியில் நாமோ போன் செய்வதைக் குறைத்துவிடுகிறோம். கவலைக்குரியது இதுதான்.

இன்லண்டு லெட்டரின் மடிப்பில்கூட இடம் விடாமல் எழுதிய தலைமுறை நம்முடையது. அன்று முகம் தெரியவில்லை, மனம் தெரிந்தது. ஆகவே கேமரா மாட்டுமுன் பெரியவர்களின் சம்மதத்தைக் கேட்போம். வேண்டாதபோது அணைக்கும் உரிமையை அவர்களுக்கே விடுவோம். தினமும் பத்து நிமிடமாவது பேசுவோம். அவர்களையும் பேச விடுவோம்.