வண்டிப் பதிவைப் புதுப்பிக்க நோட்டீசு வருமா?

நாசரேத் வட்டார விவசாயிக்கு எதற்கும் ஒரு கடிதம் வந்தே பழக்கம். கூட்டுறவுச் சங்கக் கடன் தவணை தவறினால் நோட்டீசு வரும். நகை அடகு முற்றினால் ஏலக் கடிதம் வரும். அதுபோல மொபெட்டுக்கும் டிராக்டருக்கும் பதிவுக் காலம் முடிந்தால் ஆர்.டி.ஓ. ஆபீசிலிருந்து தபால் வரும் என்று பலர் இருந்துவிடுகிறார்கள். வந்த தபால் எங்கோ தவறிவிட்டது போலும் என்று பரணையும் பெட்டியையும் உருட்டுகிறவர்களும் உண்டு. அப்படி ஒரு நோட்டீசு அனுப்பியாக வேண்டும் என்று சட்டத்தில் சொல்லப்படவில்லை. தொலைந்து போவதற்கு அது முதலில் வந்திருக்க வேண்டுமே!

1988-ம் வருட மோட்டார் வாகனச் சட்டத்தின் 41-வது பிரிவுப்படி, சொந்த உபயோக வண்டிகளுக்குப் பதிவு 15 ஆண்டுகள் செல்லும். அதன் பிறகு ஐந்தைந்து ஆண்டுகளாகப் புதுப்பித்துக்கொள்ள வேண்டும். விவசாய டிராக்டரும் இந்த இனத்தில்தான் சேரும். 2011-ல் பதிவான வண்டிக்கு 2026-ல் கெடு. அந்தத் தேதி ஆர்.சி.யிலேயே அச்சாகியிருக்கிறது. அதையே நோட்டீசாகக் கொள்ள வேண்டும் என்பது இலாகாவின் நினைப்பு. படித்துப் பதவியில் இருப்பவருக்கு இது சரி. வண்டி வாங்கிய அன்று புத்தகத்தைப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டிய சிறு விவசாயிக்கு 15 வருடம் கழித்து அந்தத் தேதியை யார் நினைவூட்டுவது?

மறந்தால் என்ன நஷ்டம் என்பதைக் கணக்குப் போட்டுப் பார்க்க வேண்டும். 2022 ஏப்ரல் வரை இருசக்கர வண்டிக்குப் புதுப்பிக்கும் கட்டணம் 300 ரூபாய். அந்த மாதம் முதல் தேதியிலிருந்து அது 1,000 ரூபாயாயிற்று. கார் போன்ற இலகு ரக வண்டிகளுக்கு 600 ரூபாய் என்பது 5,000 ஆயிற்று. 2025 ஆகஸ்டில் வந்த திருத்தப்படி 20 ஆண்டைத் தாண்டிய இருசக்கர வண்டிக்கு 2,000, இலகு ரக வண்டிக்கு 10,000. கட்டணம் கூடட்டும், கட்டிவிடலாம். கடிப்பது தாமதக் கட்டணம்தான். இருசக்கர வண்டிக்கு மாதம் 300 ரூபாய், மற்றச் சொந்த உபயோக வண்டிகளுக்கு மாதம் 500 ரூபாய் என்று அது ஏறிக்கொண்டே போகும். ஏரல் சந்தைக்கு வாழை இலைக்கட்டு ஏற்றிப் போகும் பழைய மொபெட் ஒன்றுக்கு இரண்டு வருடம் கவனிக்காமல் விட்டதாக வைத்துக்கொண்டால், தாமதக் கட்டணமே 7,200 ரூபாய். புதுப்பிக்கும் கட்டணத்தையும் சேர்த்தால் 8,200. அந்த மொபெட்டை விற்றால் இந்தத் தொகை கிடைக்குமா என்பது சந்தேகம். வண்டி ஓடாமல் தொழுவத்தில் கிடந்தது என்பதற்காகக் கணக்கு நிற்பதில்லை.

இதில் இன்னொரு வேதனையும் இருக்கிறது. 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த பேய்மழையை இந்தப் பக்கத்தில் யாரும் மறந்திருக்க முடியாது. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் சுமார் 95 செ.மீ. மழை. தாமிரபரணி கரைபுரண்டு ஸ்ரீவைகுண்டம், ஏரல் பக்கமெல்லாம் வெள்ளக்காடாயிற்று. வாழை போயிற்று, ஆடு மாடு போயிற்று. வீட்டுக்குள் தண்ணீர் ஏறியவர்களுக்குப் பெட்டியில் இருந்த பத்திரங்களும் ஊறிக் கூழாயின. தேதி அச்சாகியிருந்த புத்தகமே போனபின் அந்தத் தேதியைத் தெரிந்துகொள்வது எப்படி?

வழி இல்லாமல் இல்லை. வண்டி நம்பர் இருந்தால் போதும். மத்திய அரசின் பரிவாகன் இணையத்தளத்தில் பதிவு எதுவரை செல்லும் என்று பார்க்கலாம். வீட்டில் படிக்கும் பிள்ளைகள் செல்போனிலேயே பார்த்துச் சொல்வார்கள். புத்தகம் தொலைந்திருந்தால் முதலில் போலீசில் எழுதிக்கொடுத்து, 26-ம் நம்பர் படிவத்தில் மனு செய்து நகல் வாங்க வேண்டும். புதுப்பிப்பதற்கு 25-ம் நம்பர் படிவம். கெடு தேதிக்கு 60 நாள் முன்பிலிருந்து இதைக் கொடுக்கலாம். இன்சூரன்சும் புகைச் சான்றும் நடப்பில் இருக்க வேண்டும். வண்டியை ஆய்வாளர் முன் நிறுத்தியாக வேண்டும். அவர் இன்ஜின் நம்பர், சேஸ் நம்பர், பிரேக், விளக்கு எல்லாம் பார்ப்பார். துருப்பிடித்துச் சேஸ் நம்பர் தெரியாமல் திரும்பி வருவது வீண் அலைச்சல். போகுமுன் மண்ணெண்ணெய்த் துணியால் துடைத்துப் பார்த்துக்கொள்வது நல்லது.

டிராக்டர் விஷயத்தில் அவசியம் கவனிக்க வேண்டியது பாங்குக் கடன். கடனைக் கட்டி முடித்துப் பல வருடம் ஆகியும் ஆர்.சி.யில் பாங்கின் பெயர் அப்படியே நிற்கும். பாங்கில் கடன் தீர்ந்த கடிதமும் 35-ம் நம்பர் படிவமும் வாங்கி அதை நீக்கிக்கொள்ள வேண்டும். தகப்பனார் பெயரில் வண்டி இருந்து அவர் காலமாகியிருந்தால், முதலில் வாரிசு பெயருக்கு மாற்ற வேண்டும். அதற்கு 31-ம் நம்பர் படிவம். இந்த இரண்டு வேலைக்கும் நாள் பிடிக்கும் என்பதால் கடைசி வாரத்தில் கிளம்பினால் கெடு தாண்டிவிடும்.

"டிராக்டர் வயலை விட்டு வெளியே போவதில்லை, பதிவு எதற்கு?" என்று கேட்பவர்கள் உண்டு. சட்டத்தின் 39-வது பிரிவு பொது இடம் என்பதோடு நிற்காமல் வேறு எந்த இடத்திலும் என்றும் சொல்கிறது. பதிவில்லாமல் ஓட்டினால் முதல் தடவைக்கே 2,000 ரூபாய்க்குக் குறையாமல் 5,000 வரை அபராதம். அதைவிடப் பெரிய ஆபத்து இன்சூரன்சில் இருக்கிறது. தற்காலிகப் பதிவு முடிந்த பிறகும் சாலையில் ஓட்டிய வண்டி விபத்தில் சேதமான ஒரு வழக்கில், இன்சூரன்சு பணம் தர வேண்டியதில்லை என்று 2014-ல் சுப்ரீம் கோர்ட் தீர்ப்புக் கூறியது. டிரெய்லரில் ஆள் ஏற்றிப் போகிறவர்கள் இதையும் யோசிக்க வேண்டும்.

டில்லியில் 15 வருட பெட்ரோல் வண்டிகளுக்கும் 10 வருட டீசல் வண்டிகளுக்கும் தடை வந்ததைக் கேட்டு, இங்கும் பழைய வண்டியைப் பிடுங்கிக்கொள்வார்கள் என்று பயந்து புதுப்பிக்காமல் ஒளித்து வைத்திருப்பவர்களும் இருக்கிறார்கள். அது டில்லி வட்டாரத்துக்கு ஏற்பட்ட உத்தரவு. தமிழ்நாட்டில் தகுதியுள்ள வண்டியைப் புதுப்பித்துக்கொள்ளத் தடை இல்லை. பசுமை வரி ஒன்று கூடுதலாகக் கட்ட வேண்டியிருக்கும், அவ்வளவே.

விவசாயி தேதியைப் பார்த்துக்கொள்ள வேண்டியது உண்மைதான். ஆனால் இலாகாவின் கணினியில் ஒவ்வொரு வண்டியின் கெடு தேதியும் விலாசமும் இருக்கிறது. மாதம் 300 ரூபாய் தண்டம் கணக்கிடத் தெரிந்த கணினிக்கு இரண்டு மாதம் முன்னதாக ஒரு கார்டு அச்சடிக்கவும் தெரியும். செல்போனில் செய்தி மட்டும் போதாது. பழைய பதிவுகளில் கடைக்காரர் நம்பரோ ஏஜெண்டு நம்பரோதான் இருக்கும். கடிதம் அனுப்பிய தேதியிலிருந்துதான் தாமதக் கட்டணம் என்று விதியைத் திருத்த வேண்டும். அதுவும் வண்டியின் பெறுமானத்தை மிஞ்சாதபடி ஓர் உச்சவரம்பு தேவை. வெள்ளத்தில் காகிதம் இழந்த கிராமங்களுக்கு ஆய்வாளர் மாதம் ஒரு நாள் நேரில் வந்தால், ஒரு கையெழுத்துக்காகத் திருச்செந்தூருக்கும் தூத்துக்குடிக்கும் ஒரு நாள் கூலியை விட்டு அலைவது மிச்சமாகும்.

அந்தத் திருத்தம் வரும்வரை தண்டம் ஏறிக்கொண்டுதான் இருக்கும். 2010, 2011-ல் வண்டி வாங்கியவர்கள் இந்த வாரமே ஆர்.சி.யை எடுத்துத் தேதியைப் பார்த்து, காலண்டரில் அதற்கு இரண்டு மாதம் முன்னதாக ஒரு குறி போட்டு வைக்கட்டும்.