காடாறு மாதம்

விக்கிரமாதித்த மகாராஜனுக்குத் தன் சிங்காதனத்தில் ஆயிரம் வருஷம் வீற்றிருக்க வரம் கிடைத்தது. மந்திரி பட்டி சும்மா இருப்பானா? நாடாறு மாதம், காடாறு மாதம் என்று ஒரு கணக்குப் போட்டு, ஆயிரத்தை இரண்டாயிரமாக்கி விட்டான். பட்டியின் சாமர்த்தியத்தைப் பாட்டிமார் வியந்து வியந்து சொல்வார்கள். நமக்கோ இதில் வேறொரு விஷயம் ரசமாகப் படுகிறது. நாடாண்ட ஆறு மாதத்தில் அரசன் எத்தனை மனு வாங்கினான், வரி எவ்வளவு விதித்தான் என்று எந்தக் குழந்தையாவது கேட்டதுண்டா? குழந்தைகளுக்கு வேண்டியது அந்தக் காடாறு மாதம். அதிசயங்களெல்லாம் ராஜா லீவில் இருக்கும்போதுதான் நடக்கின்றன.

மேல்நாட்டிலும் இதே சங்கதிதான். 1862-ம் வருஷம் ஜூலை 4-ந் தேதி, ஆக்ஸ்போர்டில் ஒரு கணக்கு வாத்தியார் மூன்று சிறுமிகளைப் படகில் அழைத்துக் கொண்டு போனார். (கணக்கு வாத்தியார்கள் எல்லாரும் கடுகடுப்பானவர்கள் என்று எண்ணும் மாணவர்கள் கவனிக்க.) பொழுது போகக் கதை சொன்னார். லூயிஸ் கரோல் என்ற புனைபெயரில் 1865-ல் அவர் வெளியிட்ட ஆலிஸின் கதை அப்படிப் பிறந்ததுதான். அதில் ஆலிஸ், ஆற்றங்கரையில் அக்காளின் பக்கத்தில் ஒன்றும் செய்யாமல் சலித்துப் போய் உட்கார்ந்திருக்கிறாள். அப்போதுதான் முயல் ஓடுகிறது. 1950-ல் வந்த நார்னியாக் கதையில், யுத்த காலத்தில் லண்டனிலிருந்து கிராமத்துக்கு அனுப்பப்பட்ட நாலு குழந்தைகள், மழை பெய்து வெளியே போக முடியாத ஒரு நாளில் பெரிய வீட்டைச் சுற்றிப் பார்க்கிறார்கள். அவர்களில் இளையவளான லூசி ஒரு அலமாரிக்குள் நுழைந்து, பனி பெய்யும் வேறு தேசத்தில் போய் நிற்கிறாள்.

முயல் வளையையும் அலமாரியையும் எல்லாரும் நினைவில் வைத்திருக்கிறோம். ஆனால் அவற்றுக்கு முன்னாலும் ஒரு கதவு இருக்கிறது. கதாசிரியர்கள் அதை ஓரிரு வாக்கியத்தில் சொல்லிவிட்டு மேலே போய்விடுகிறார்கள். அந்தக் குழந்தைகளுக்கு அன்றைக்கு ஒரு வேலையும் இல்லை. மாய உலகத்துக்கு முதல் கதவு அதுதான்.

அச்சங்குளத்துப் பக்கத்தில் உபாத்தியாயராக இருப்பவர்களுக்கு இந்த விஷயம் சீக்கிரம் விளங்கிவிடுகிறது. சாத்தூரை அடுத்த கரிசல் பூமி இது. வானம் பார்த்த விவசாயம். மழை பொய்த்தால் ஜனங்களுக்கு 'ஆபீஸ்'தான் கதி. இந்தப் பக்கத்தில் ஆலை என்று யாரும் சொல்வதில்லை; தீப்பெட்டி ஆபீஸ், பயர் ஆபீஸ் என்றுதான் பேச்சு. வெளியூரார் கேட்டால், இந்தக் கரிசல் காட்டில் இத்தனை குமாஸ்தாக்களா என்று மலைத்துப் போவார்கள். அந்த ஆபீசில் பேனாவும் காகிதமும் இல்லை. மருந்தும் திரியுமே உண்டு. 2021-ம் வருஷம் பிப்ரவரி 12-ந் தேதி, அச்சங்குளத்துப் பட்டாசு ஆலை ஒன்று வெடித்து இருபதுக்குக் குறையாத உயிர்கள் போயின. தாயையோ தகப்பனையோ அன்றைக்குப் பறிகொடுத்த குழந்தைகள் உண்டு.

குழந்தைகளே வேலைக்குப் போன காலமும் வெகு தூரத்தில் இல்லை. இன்றைக்குப் பேரன் பேத்தி எடுத்திருக்கும் பெண்கள் பலர், சிறு வயதில் விடியற்காலை இருட்டில் ஆபீஸ் பஸ் ஏறிப் போய்க் கட்டை அடுக்கியவர்கள். கட்டை அடுக்குவதென்றால், மருந்தில் முக்குவதற்காகத் தீக்குச்சிகளைச் சட்டத்தில் ஒவ்வொன்றாக வரிசைப்படுத்துவது. சின்ன விரல்களுக்கு அந்த வேலை விரைவில் படியும் என்பது முதலாளிகள் கண்ட சாஸ்திரம். வீட்டிலிருந்த குழந்தைகளோ பெட்டி ஒட்டினார்கள். அவர்களுக்குச் சலிப்பு என்ற பாக்கியம் கிட்டவில்லை. சலிப்பு இல்லாத இடத்தில் முயல் எங்கே ஓடும்?

ஒரு தடவை ஆறாம் வகுப்பில் நார்னியாக் கதையைச் சொன்னோம். பிள்ளைகள் வாய் பிளந்து கேட்டார்கள். முடிந்ததும் ஒரு பெண் எழுந்தாள். "சார், லூசி அங்க போயிருந்தப்ப வீட்டுக்குத் தண்ணி யாரு சார் புடிச்சா?"

வகுப்பு சிரிக்கவில்லை. கேள்வி நியாயமானது என்று எல்லா முகங்களும் சொல்லின. அந்தக் கதையில் ஒரு சௌகரியம் உண்டு: மாய தேசத்தில் வருஷக்கணக்கில் ராஜ்யபாரம் செய்துவிட்டுத் திரும்பினாலும், இந்த உலகத்தில் ஒரு நிமிஷம்கூட ஆகியிராது. அதை எடுத்துச் சொன்னோம். "அப்பச் சரி சார்" என்று உட்கார்ந்தாள். நார்னியாவின் காலக் கணக்கைப் பற்றிப் பண்டிதர்கள் எத்தனையோ எழுதியிருப்பார்கள். அதன் பிரயோஜனத்தை இந்தப் பெண்ணைப் போல் உணர்ந்தவர்கள் அபூர்வம். பின் பெஞ்சிலிருந்து ஒரு பையன் தன் யோசனையைச் சொன்னான்: "ஒரு பூதத்தைக் குழாயடியில நிக்க வச்சிட்டுப் போகலாம் சார்." பட்டியின் வம்சம் இன்னும் அற்றுப் போகவில்லை என்று சந்தோஷப்பட்டோம்.

உழைக்கும் குழந்தையைக் கதாநாயகனாக்கிய மாயக் கதைகள் மேல்நாட்டில் இல்லாமலில்லை. 1863-ல் கிங்ஸ்லி என்ற பாதிரியார் 'நீர்க் குழந்தைகள்' என்று ஒரு கதை எழுதினார். புகைக்கூண்டுக்குள் ஏறிக் கரி துடைக்கும் டாம் என்ற பையன் துரத்தப்பட்டு ஓடி, ஓடையில் மூழ்கிப் போகிறான். மூழ்கிய பிறகுதான் அவனுக்கு அற்புத லோகம் திறக்கிறது. அதற்கு முன்பே, 1845-ல், டென்மார்க் தேசத்து ஆண்டர்சன் தீப்பெட்டி விற்கும் சிறுமியின் கதையை எழுதியிருந்தார். பனியில் விறைத்துப் போன அவள் ஒவ்வொரு குச்சியாகக் கிழிக்கிறாள். ஒவ்வொரு சுடரிலும் ஒரு காட்சி. மறுநாள் காலையில் பிணமாகக் கிடக்கிறாள். ஆலிஸுக்கு ஒரு முயல் வளை போதுமாயிருந்தது. டாமுக்கும் தீப்பெட்டிச் சிறுமிக்கும் மாய உலகத்தைக் காட்ட யமன் வரவேண்டியிருந்தது. இங்கிலாந்தில் புகைக்கூண்டுக்குள் சிறுவர்களை ஏற்றும் வழக்கம் ஒழிய 1875-ம் வருஷத்துச் சட்டம்வரை காத்திருக்க நேர்ந்தது.

நிற்க. நம் ஜில்லாவிலேயே நடந்த வேடிக்கையைக் கேளுங்கள். 1920-களின் தொடக்கத்தில் சிவகாசியிலிருந்து அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா சென்று தீப்பெட்டித் தொழில் கற்று வந்தார்கள். தீப்பெட்டிக்கு லேபிள் வேண்டும்; லேபிளுக்கு அச்சுக்கூடம் வேண்டும். அச்சுத் தொழில் வளர்ந்து, ஊர் 'குட்டி ஜப்பான்' என்று பெயரெடுத்தது. அந்தச் சிவகாசியிலிருந்துதான் 1972-ல் முத்து காமிக்ஸ் புறப்பட்டது. அதன் முதல் புத்தகம் 'இரும்புக்கை மாயாவி'. மின்சாரம் பாய்ந்ததும் உடல் மறைந்து, இரும்புக் கை மட்டும் தெரியும் அந்த மனிதன், தமிழ்நாட்டுச் சிறுவர்களை எங்கெங்கோ அழைத்துப் போனான். 1984-ல் அதே ஊரிலிருந்து லயன் காமிக்ஸும் வந்து சேர்ந்தது. மதுரையிலும் சென்னையிலும் திண்ணையில் படுத்துக்கொண்டு மாயாவியைப் படித்த பையன்கள் இன்று தாத்தாக்கள். அந்தப் புத்தகங்களைக் காட்டினால் இப்போதும் கண் மின்னுகிறது. அதே வருஷங்களில், அச்சு யந்திரம் ஓடிய ஊரைச் சுற்றியிருந்த கிராமங்களிலே குழந்தைகள் கட்டை அடுக்கிக் கொண்டிருந்தார்கள். பதிப்பாளரைக் குறை கூற இதைச் சொல்லவில்லை. குழந்தைகளுக்கு அவர் செய்தது பெரிய உபகாரம். அந்த உபகாரம் பக்கத்துக் கிராமத்தை எட்டாமல் போனதற்குப் புத்தகத்தின் விலை மட்டுமே காரணமில்லை என்பதுதான் நம் கட்சி.

பிறகு சட்டங்கள் வந்தன. 1986-ல் குழந்தைத் தொழிலாளர் சட்டம். 1996 டிசம்பரில் சிவகாசிக் குழந்தைகளைப் பற்றிய வழக்கில், வேலைக்கு வைத்த முதலாளி ஒரு குழந்தைக்கு 20,000 ரூபாய் கட்டவேண்டும் என்று சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. 2009-ல் கல்வி உரிமைச் சட்டம். 2016-ல் வந்த திருத்தம், 14 வயதுக்கு உட்பட்டவர்களை எந்தத் தொழிலிலும் அமர்த்தலாகாது என்றது. கூடவே, பள்ளி நேரம் போகவும் விடுமுறையிலும், அபாயமில்லாத குடும்பத் தொழிலில் உதவலாம் என்று ஒரு விலக்கும் கொடுத்தது. ஏழைக் குடும்பத்தின் கஷ்டத்தை அறிந்தவர்கள் இதை எளிதில் பழிக்கமாட்டார்கள். ஆனால் வகுப்பறையிலிருந்து பார்க்கும் நமக்கு ஒன்று தெரிகிறது. பகல் பொழுதைச் சட்டம் மீட்டுத் தந்துவிட்டது. சாயங்காலத்தை அந்தந்த வீட்டின் கருணைக்கு விட்டுவிட்டது.

பட்டணத்து வாசகர்கள், 'நம் வீட்டில் யாரும் பெட்டி ஒட்டவில்லையே' என்று ஆறுதல் கொள்ளலாம். உங்கள் வீட்டுப் பையனின் சாயங்காலம் எப்படிப் போகிறது என்று விசாரித்தால், நாலரைக்கு டியூஷன், ஆறு மணிக்கு ஹிந்தி, ஏழுக்கு மறுபடி கணக்கு, சனிக்கிழமை அபாகஸ், ஞாயிற்றுக்கிழமை மாதிரிப் பரீட்சை என்று பதில் வருகிறது. கட்டை அடுக்குவதற்கும் இதற்கும் உள்ள வித்தியாசம் பெரிதுதான். நெருப்புப் பயம் இல்லை, கை காய்ப்பதில்லை, வயிறார உணவு இருக்கிறது. இரண்டையும் ஒன்றென்று சொல்வது இங்கத்திய ஜனங்களுக்குச் செய்யும் அபசாரம். ஆயினும் முயலைப் பொறுத்தமட்டில் இரண்டு வீட்டிலும் கதவு சாத்தியே கிடக்கிறது.

'சும்மா விட்டால் கைப்பேசியை அல்லவா எடுத்துக் கொள்கிறான்?' என்று கேட்கிறார்கள். வாஸ்தவம். கைப்பேசியும் ஒரு டியூஷன் வாத்தியார்தான். ஒரு நிமிஷம் சும்மா உட்கார விடாது. இன்னும் சிலர், 'பொய்க் கதை படித்துப் பிள்ளை கெட்டுப் போகாதா?' என்பார்கள். வேதாளம் பொய் என்று அறியாத குழந்தையை இத்தனை வருஷத்தில் நாம் கண்டதில்லை. விளம்பரங்களை மெய்யென்று நம்பும் பெரியவர்களைத்தான் நிறையக் கண்டிருக்கிறோம்.

புத்தகத்துக்கு இப்போது பஞ்சமில்லை. இந்த ஜில்லாவின் மல்லாங்கிணற்றில் பிறந்த எஸ். ராமகிருஷ்ணன், ஆலிஸைத் தமிழுக்கு அழைத்து வந்ததோடு, குழந்தைகளுக்காகத் தாமும் மாயக் கதைகள் எழுதியிருக்கிறார். பக்கத்துக் கோவில்பட்டி உதயசங்கரின் 'ஆதனின் பொம்மை', இக்காலச் சிறுவன் ஒருவன் கீழடியின் பண்டைச் சிறுவனைச் சந்திக்கும் கதை. 2023-ல் சாகித்திய அகாதமியின் பால புரஸ்கார் பெற்றது. 2025-ல் அதே பரிசு விஷ்ணுபுரம் சரவணனின் 'ஒற்றைச் சிறகு ஓவியா'வுக்குக் கிடைத்தது. சர்க்கார் பள்ளிகளுக்கும் வாசிப்பு இயக்கத்தின் பெயரால் சின்னஞ்சிறு கதைப் புத்தகங்கள் வந்திருக்கின்றன. நுழை, நட, ஓடு, பற என்று நாலு படிகள். பெயர் வைத்தவருக்கு ஒரு நமஸ்காரம்.

இவற்றில் ஓவியாவின் கதையை நம் வகுப்புப் பையன் ஒருவன் இரவல் வாங்கிப் போய் மூன்று வாரமாகிறது. திருப்பித் தரும்படி கேட்டால், "தங்கச்சி படிச்சிக்கிட்டிருக்கா சார்" என்கிறான். தங்கச்சி எந்த வகுப்பு என்று விசாரித்தோம். ஒன்றாம் வகுப்பாம், இன்னும் எழுத்துக் கூட்டிக் கொண்டிருக்கிறாள். இருக்கட்டும் என்று விட்டுவிட்டோம்.