மருந்து மாறினால் நர்ஸ் மட்டும்தான் குற்றவாளியா?

மில்லில் கார்டிங் மெஷினில் சிக்கித் தொழிலாளியின் விரல் போகிறது. நிர்வாகம் என்ன எழுதுகிறது? "தொழிலாளியின் கவனக்குறைவு!" மெஷினுக்கு மூடி இல்லாதது, ஆளைக் குறைத்தது, தொடர்ந்து இரண்டு ஷிப்டு வேலை வாங்கியது எதுவும் அந்தக் காகிதத்தில் இராது. இந்தப் பல்லவி நமக்குப் புதிதல்ல.

ஆஸ்பத்திரியிலும் இதே பல்லவிதான். ஊசி மருந்து மாறி நோயாளிக்கு ஆபத்து நேர்ந்தால் உடனே நர்ஸ் சஸ்பெண்டு! "நர்சின் அலட்சியம்" என்று பத்திரிகைகளில் கொட்டை எழுத்து! அத்துடன் விவகாரம் முடிந்தது.

உயிர் போனால் கேட்க வேண்டாமா? கட்டாயம் கேட்க வேண்டும். தர்மாஸ்பத்திரிக் கட்டிலில் கிடப்பது நம் தாயும் பிள்ளையும்தான். மந்திரி வீட்டுப் பிள்ளையல்ல. அதனால்தான் சொல்கிறோம்: நர்ஸை மட்டும் தண்டித்து விட்டால் அடுத்த நோயாளி பிழைத்துவிட மாட்டார்.

செல்வம் கொழிக்கும் அமெரிக்காவில் நடந்ததைப் பாருங்கள். டென்னசி மாநிலம், நாஷ்வில் நகரின் பெரிய ஆஸ்பத்திரி. 2017 டிசம்பரில், ஸ்கேன் எடுக்கப் பயந்த 75 வயது மூதாட்டிக்குப் பதற்றம் தணிய 'வெர்செட்' என்ற மருந்து எழுதப்பட்டது. மருந்து இருப்பது கம்ப்யூட்டர் பெட்டியில். நர்ஸ் பெயரின் முதல் இரண்டு எழுத்தைத் தட்டினார். பெட்டியிலோ அந்த மருந்து 'மிடசோலம்' என்ற வேறு பெயரில் இருந்தது. தடையை மீறித் திறக்கும் வழியில் அவர் எடுத்தபோது, அதே இரண்டு எழுத்தில் தொடங்கும் 'வெக்குரோனியம்' கைக்கு வந்தது. மூச்சு விடும் தசைகளையே முடக்கும் மருந்து அது. மூதாட்டி இறந்தார்.

குப்பியின் மூடியிலிருந்த எச்சரிக்கையை நர்ஸ் கவனிக்கவில்லை. அது தவறுதான், அவரே அதை ஒளிக்காமல் ஒப்புக்கொண்டார். தடையை மீறி எடுப்பது அங்கே அன்றாட வழக்கம் என்றும் விசாரணையில் சொன்னார். நிர்வாகம் என்ன செய்தது? அவரை வேலையிலிருந்து நீக்கியது. மாநில அதிகாரிகளிடம் விஷயத்தைச் சொல்லாமல் விட்டது. 2018-இல் யாரோ பெயர் போடாமல் புகார் எழுதிய பிறகுதான் உண்மை வெளியே வந்தது. முடிவு? 2022-இல் அந்த நர்ஸ் குற்றவாளியெனத் தீர்ப்பாகி, 3 ஆண்டு நன்னடத்தைக் கண்காணிப்பில் வைக்கப்பட்டார். நிர்வாகத்தின்மீது கிரிமினல் வழக்கே இல்லை! சொன்னவருக்குத் தண்டனை, சொல்லாதவருக்கு விடுதலை. இதைப் பார்த்த பிறகு எந்த நர்ஸ் தன் தவறை வாய்விட்டுச் சொல்வார்? சொல்லாத தவறு திருந்துமா?

நம் ஊருக்கு வருவோம். போதனா ஆஸ்பத்திரிகளின் பொது வார்டில் 3 நோயாளிக்கு ஒரு நர்ஸ், மற்ற ஆஸ்பத்திரிகளில் 5 நோயாளிக்கு ஒருவர் என்பது இந்திய நர்சிங் கவுன்சில் வகுத்த அளவு. ராத்திரி நேரத்தில் உங்கள் ஊர் ஆஸ்பத்திரி வார்டுக்குள் போய் எண்ணிப் பாருங்கள் தோழர்களே! ஊசி போடுவதும் அவரே, குளுகோஸ் பாட்டில் மாற்றுவதும் அவரே, ரிஜிஸ்டர் எழுதுவதும் அவரே. மருந்தை அளக்கும்போதே நாலு பேர் கூப்பிடுகிறார்கள். 0.5 என்பதில் புள்ளி மங்கினால் 5 ஆகிவிடும். பத்து மடங்கு மருந்து! களைத்த கண்ணுக்கு ஒரே மாதிரியான இரண்டு குப்பிகள் ஒன்றாகவே தெரியும்.

அந்த நர்ஸுக்காவது வேலை நிச்சயமா? 2015-இல் தமிழக சர்க்கார் ஆயிரக்கணக்கான நர்ஸுகளை மாதம் 7,700 ரூபாய் தொகுப்பூதியத்தில் எடுத்தது. இரண்டு ஆண்டில் நிரந்தரம் என்ற வாக்கை நிறைவேற்றக் கோரி, 2017 நவம்பரில் அவர்கள் சென்னையில் போராட நேர்ந்தது. கொரோனா காலத்தில் உயிரைப் பணயம் வைத்து உழைத்த இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட ஒப்பந்த நர்ஸுகளின் வேலை 2022 டிசம்பர் 31-உடன் போயிற்று. நாளைக்கு வேலை இருக்குமோ என்று அஞ்சுகிறவர், "டாக்டர், இந்த எழுத்து புரியவில்லை" என்று துணிந்து கேட்பாரா?

தவறைத் தடுக்க வழி இருக்கிறது. மருந்தின் பெயரைத் தெளிவாக, கூடியவரை பெரிய எழுத்தில் எழுத வேண்டுமென்று இந்திய மருத்துவக் கவுன்சில் 2016-லேயே விதி செய்தது. அதை அமல் செய்! கலக்காமல் ஏற்றினால் இதயத்தை நிறுத்திவிடும் பொட்டாசியம் குளோரைடை வார்டு அலமாரியிலிருந்து எடுத்துப் பூட்டி வை! இன்சுலின் போன்ற அபாய மருந்துகளை இருவர் சரிபார்க்க ஆள் கொடு! ஒரே மாதிரிக் குப்பிகளைத் தனித்தனியே வை! தவறை மறைக்காமல் சொன்ன ஊழியரைப் பழிவாங்காதே! காலியிடங்களை நிரப்பு, ஒப்பந்த நர்ஸுகளை நிரந்தரமாக்கு!

நமக்கும் கடமை உண்டு. ஊசி போடுமுன் நோயாளியின் பெயரைச் சொல்லி, "இது என்ன மருந்து?" என்று மரியாதையுடன் கேளுங்கள். அது சந்தேகமல்ல, ஒத்தாசை. விபரீதம் நேர்ந்தால் நர்ஸ்மீது கை ஓங்காதீர்கள். அந்த வார்டில் எத்தனை நோயாளி, எத்தனை நர்ஸ் என்று அதிகாரிகளைக் கேளுங்கள்.

மெஷினுக்கு மூடி கேட்டுப் போராடும் தொழிலாளியும், வார்டுக்கு ஆள் கேட்டுப் போராடும் நர்ஸும் ஒரே வர்க்கம். அவர்கள் கோரிக்கை நம் உயிரின் கோரிக்கை. நர்ஸுகளின் போராட்டத்துக்குத் தோள் கொடுப்போம்!