தணிக்கை கலைக்குத் தாயாகுமா?

தடையே கலையைக் கூர்மையாக்குகின்றது என்றொரு கூற்று இலக்கிய வட்டங்களிற் செல்வாக்குடன் உலவி வருகின்றது. நேரே சொல்ல இயலாத எழுத்தாளன் உருவகத்தை நாடுகிறான். உருவகம் காலத்தை வென்று நிற்கிறது. எனவே தணிக்கைக்கு நாம் நன்றி பாராட்டவேண்டும் என்பது இவர்தம் வாதம். இதற்குச் சான்றாக, அமெரிக்கத் தொலைக்காட்சி எழுத்தாளரும் தயாரிப்பாளருமான றொட் சேர்லிங் (1924 - 1975) முன்னிறுத்தப்படுவதுண்டு. அச்சான்றையே சற்று ஆழ்ந்து நோக்குவோம்.

இரண்டாம் உலகப் போரிற் பிலிப்பைன்ஸில் பரசூட் படைவீரராகப் போரிட்டுத் திரும்பிய சேர்லிங், பெருவணிக நிறுவனமொன்றின் இரக்கமற்ற அதிகாரப் போட்டியைச் சித்திரித்த 'பற்றேர்ன்ஸ்' (1955) என்ற நேரடி ஒளிபரப்பு நாடகத்தாற் புகழ் பெற்றார். அதே ஆண்டு ஓகஸ்ட் மாதத்தில், சிக்காகோவைச் சேர்ந்த எமெற் ரில் என்னும் 14 வயதுக் கறுப்பினச் சிறுவன் மிசிசிப்பி மாநிலத்திற் கொலை செய்யப்பட்டான். வெள்ளையர் மட்டுமே அடங்கிய ஜூரிமார் குற்றஞ்சாட்டப்பட்ட இருவரையும் விடுவித்தனர். அவர்களோ சில மாதங்களின் பின்னர், சஞ்சிகையொன்றிடம் பணம் பெற்றுக்கொண்டு, தாமே கொன்றதாக ஒப்புக்கொண்டனர்.

இக்கொடுமையிலிருந்து பிறந்ததே சேர்லிங்கின் 'நூன் ஒன் டூம்ஸ்டே' (1956). செய்தி வெளியானதும் தென்மாநில வெள்ளை இனவாத அமைப்புகளின் பகிஷ்கரிப்பு மிரட்டல் எழுந்தது. அனுசரணை வழங்கிய உருக்கு நிறுவனம் பணிந்தது. கதைக்களம் வடகிழக்கிலுள்ள நியூ இங்கிலாந்துக்கு நகர்த்தப்பட்டது. கொலையுண்டவன் இன்னானெனக் குறிக்கப்படாத அந்நியனானான். தெற்கை நினைவூட்டும் என்றஞ்சிக் கொக்கோ கோலாப் போத்தல் கூட அகற்றப்பட்டது. 1958 இல் அவர் மீண்டும் முயன்றார். இம்முறை கதை 19 ஆம் நூற்றாண்டின் தென்மேற்குக்குத் தள்ளப்பட்டது. கறுப்பினத்தவனின் இடத்தில் மெக்சிக்க இளைஞனொருவன் வைக்கப்பட்டான். ஒரே கொலை இருமுறை மறைக்கப்பட்டது.

இத்தணிக்கையைச் செய்தது அரசன்று, சந்தை. 1959 இல் ஏபி மான் எழுதிய நியூரம்பேர்க் விசாரணை நாடகத்தில், நாஸிகளின் நச்சுவாயுக் கூடங்களைக் குறித்த 'வாயு' என்ற சொல் ஒலியிழக்கச் செய்யப்பட்டது. காரணம், அனுசரணையாளர்களுள் எரிவாயுத் தொழிலினரும் இருந்தமையே! இலட்சக்கணக்கானோரின் சாவை விட விற்பனைப் பொருளின் நற்பெயர் பெரிதாயிற்று. இதற்கா நாம் நன்றி கூறுவது?

இனி, எதிர்த்தரப்பினரின் வலுவான ஆதாரத்துக்கு வருவோம். 1959 முதல் 1964 வரை ஒளிபரப்பான 'ருவைலைற் சோன்' தொடரின் 156 கதைகளுள் 92 ஐச் சேர்லிங்கே எழுதினார். விளக்குகள் அணைந்ததும் அயலவரே அயலவரை வேட்டையாடும் மேப்பிள் வீதிக் கதை (1960) இன்றும் நெஞ்சை உலுக்குவது. இதனை மறுப்பதற்கில்லை. ஆயின் அத்தொடரை உயர்த்தியது தடையா? அன்று. அங்கே அவர் எழுத்தாளர் மட்டுமல்லர். தமது சொந்த நிறுவனத்தின் வழியே தயாரிப்பு அதிகாரத்தையும் கையில் வைத்திருந்தார். 1970 இல் தொடங்கிய 'நைற் கலரி' தொடரில் அதே பேனா இருந்தது; அதே உருவகமும் இருந்தது; அதிகாரம் மட்டும் வேறொருவர் கையிலிருந்தது. தம் பெயரால் அறியப்பட்ட தொடரிலேயே தம் பிரதிகள் நிராகரிக்கப்படுவதை அவர் காண நேர்ந்தது. தடையே கலையை வளர்ப்பதாயின், அத்தொடரன்றோ அவருடைய சிகரமாக அமைந்திருக்க வேண்டும்!

மேலும், மேப்பிள் வீதியைக் கண்ட வெள்ளையினப் பார்வையாளன், அது தன்னைப் பற்றியதன்று என்று எண்ணி நிம்மதியாக உறங்கப் போயிருக்கலாம். பெயரும் ஊரும் அற்ற குற்றத்துக்குக் குற்றவாளியும் இல்லை. எமெற்றின் தாய் மேமி ரில் உருவகத்தை நாடவில்லை. சிதைந்த தன் மகனின் முகத்தை உலகம் காணட்டும் என்று சவப்பெட்டியைத் திறந்தே வைத்தார். ஆயிரக்கணக்கானோர் கண்டனர், புகைப்படங்கள் கறுப்பினச் சஞ்சிகைகளில் வெளிவந்தன, ஒரு தலைமுறையே விழித்தெழுந்தது. தாய் திறந்த பெட்டியைத் தொலைக்காட்சி மூடியது.

சேர்லிங்கை நாம் குறைகூறவில்லை. மூடிய கதவின் சாவித்துவாரத்தினூடாக அவர் இயன்றதைக் காட்டினார், அத்திறமைக்குத் தலைவணங்குவோம். ஆனால் சாவித்துவாரத்தைப் புகழும் ஆர்வத்தில், கதவைப் பூட்டியவனுக்கு மாலை சூட்டுவது விமர்சனமாகாது. 'ருவைலைற் சோன்' நமக்குக் கிடைத்தது. எமெற் ரில்லின் நாடகம் கிடைக்கவில்லை. தணிக்கையின் கணக்கைப் பார்ப்போர் இவ்விரண்டாவது வரியையும் சேர்த்தே கூட்டக் கடமைப்பட்டவர்கள்.