ஓசியில் ஒரு சாவி

விண்டோஸ் ஆக்டிவேட் ஆகலைன்னா உடனே வாட்ஸ்அப்பில் ஒரு சுருக்கிய லிங்க் வந்துவிடுகிறது. எங்கே கொண்டுபோய் விடும்னு பார்த்தால் தெரியாது. 'ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணு, அட்மினிஸ்ட்ரேட்டராக ரன் பண்ணு' என்பார்கள். வாட்ச்மேனை அனுப்பிவிட்டு பீரோ சாவியையும் நீட்டுகிற கதைதான்! 2021-ல் கேஎம்எஸ்பிகோ பெயரில் உலவிய போலி இன்ஸ்டாலர்களில் கிரிப்ட்பாட் ஒளிந்திருந்தது. பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகளைத் திருடும் சரக்கு அது. விண்டோஸும் ஆக்டிவேட் ஆகும், அதனால் சந்தேகமே வராது.

காசில்லாதவன் என்ன செய்வான் என்று கேட்பது நியாயம்தான். ஆக்டிவேட் செய்யாத விண்டோஸும் ஓடத்தான் செய்யுது. மூலையில் ஒரு வாசகம் நிற்கும், நின்னுட்டுப் போகட்டுமே! ஆட்டோகேடை ஆட்டோடெஸ்க் மாணவர்களுக்கு இலவசமாகவே தருகிறது. ரிப்போர்ட் அடிக்க லிபர் ஆபீஸ் போதும். எனக்குப் பயமெல்லாம் நம்ம லேபை நினைத்துத்தான். அங்கே ஒருவர் அந்த லிங்க்கைத் தட்டினால், அடுத்து வந்து உட்காருகிறவரின் பாஸ்வேர்டும் போய்விடலாம்.