டாக்சி இல்லாத டாக்சி படம்

போன வாரம் என் அக்கா மகனோடு எனக்கு ஒரு சின்னச் சண்டை. அவன் பிரான்சில் குடியிருக்கிறான். விடுமுறைக்குப் புதுச்சேரி வந்தால் என்னோடு உட்கார்ந்து ஒரு பிரெஞ்சுப் படமாவது பார்க்காமல் திரும்ப மாட்டான். இந்த முறை 'டாக்சி' வரிசையின் 4ஆம் படத்தைப் போட்டான். முடிந்ததும், "இதெல்லாம் ஒரு படமாடா?" என்றேன்.

"காமெடிப் படம் மாமா. சிரிச்சிட்டுப் போக வேண்டியதுதானே, இதுல போய்க் குறை கண்டுபிடிக்கிறீங்களே!" என்றான்.

அந்தப் பேச்சுதான் எனக்குப் பிடிக்கவில்லை. சிரிப்புப் படம் என்றால் யார் எப்படி எடுத்தாலும் சரி என்று எந்தச் சட்டத்தில் இருக்கிறது? அன்று அவனிடம் கோர்வையாகச் சொல்ல வரவில்லை. இங்கே எழுதுகிறேன்.

படங்களைப் பார்க்காதவர்களுக்காகக் கொஞ்சம் கதை. முதல் படம் 1998இல் வந்தது. லுக் பெசோன் எழுதியது, ஜெரார் பிரெஸ் இயக்கியது. ஊர் மார்செய். பீட்சா கொண்டுபோய்க் கொடுத்துக்கொண்டிருந்த தானியேல், டாக்சி ஓட்ட உரிமம் வாங்குகிறான். அவனுடைய வெள்ளை பெஜோ 406 ஒரு பொத்தானை அழுத்தினால் பந்தயக் காராக மாறிவிடும். எமிலியன் என்ற போலீஸ்காரன் இருக்கிறான். அவனுக்கு ஓட்டுநர் தேர்வே தேறவில்லை. தன் வண்டியில் ஏறியவன் போலீஸ் என்று தெரியாமல் தானியேல் வீரம் காட்டி அதிவேகமாக ஓட்டுகிறான், மாட்டிக்கொள்கிறான். வங்கிகளைக் கொள்ளையடிக்கும் ஜெர்மன் கும்பலைப் பிடிக்க உதவினால் உரிமம் பிழைக்கும் என்று பேரம்.

என்ன அழகான கணக்கு, பாருங்கள்! ஓட்டத் தெரிந்தவனுக்குச் சட்டம் பிடிக்காது. சட்டம் கையில் இருப்பவனுக்கு ஓட்ட வராது. ஒருவன் இல்லாமல் இன்னொருவனால் முடியாது. கடைசியில் கொள்ளையர்களின் மெர்சிடிஸ் கார்கள், கட்டி முடிக்காத பாலத்தின் ஒரு துண்டில் முன்னும் போக வழியில்லாமல் பின்னும் போக வழியில்லாமல் நிற்கும். அடிதடி இல்லை, ரத்தம் இல்லை. ஓட்டியே ஜெயித்துவிடுகிறான்.

என் வீட்டுக்காரிக்குப் பிரெஞ்சு தெரியாது. பிரெஞ்சு வழியில் படித்தவன் நான் மட்டும்தான். ஆனால் முதல் படத்துக்கு நான் ஒரு வரிகூட அவளுக்கு மொழிபெயர்க்கவில்லை. பாலத்துக் காட்சியில் என்னை விட அவள்தான் அதிகம் சிரித்தாள். கார் துரத்தும் வேடிக்கைப் படத்தின் பெருமையே அதுதான். மொழி தெரியாதவரும், எழுதப் படிக்காதவரும், சின்னப் பிள்ளையும் ஒரே நேரத்தில் சிரிக்கலாம்.

2000இல் வந்த இரண்டாம் படத்தில் இயக்குநர் மாறினார்; அதிலிருந்து 4ஆம் படம் வரை ஜெரார் கிராவ்சிக்தான். அந்த இரண்டாம் படத்துக்குப் பிரான்சில் ஒரு கோடிக்கு மேல் டிக்கெட் விற்றது. விமானத்திலிருந்து பாராசூட்டில் கார் இறங்குகிறது, காருக்குச் சிறகு முளைக்கிறது. பெரிதாக வேண்டும், இன்னும் பெரிதாக வேண்டும் என்ற ஆசை. அந்த ஆசைக்கு ஒரு விலையும் இருந்தது. 1999 ஆகஸ்டில் பாரிசில் கார் பாயும் காட்சியை எடுத்தபோது, வண்டி குறி தவறி, படம் பிடித்துக்கொண்டிருந்தவர்கள் மேல் விழுந்து ஒளிப்பதிவாளர் ஒருவர் இறந்துபோனார். வழக்கு நீதிமன்றம் வரை போயிற்று. "சும்மா சிரிச்சிட்டுப் போங்க" என்று சொல்கிறவர்கள் இதையும் நினைத்துப் பார்க்க வேண்டும். அந்தச் சிரிப்புக்காக ஒரு மனிதர் வேலைக்குப் போய் வீடு திரும்பவில்லை. அப்படிப்பட்ட தொழிலை ஏனோதானோ என்று செய்யலாமா?

2003இல் மூன்றாம் படம். கிறிஸ்துமஸ் தாத்தா வேடத்தில் கொள்ளையர்கள். பனியில் ஓடுவதற்கு டாக்சிக்குச் சங்கிலிப் பட்டை. சரி, அதிலாவது டாக்சிக்கு வேலை இருந்தது.

நான்காவது 2007இல். கார் புதிது, பெஜோ 407. தொடக்கத்தில் கால்பந்து வீரர் சிசேயை மைதானத்துக்கு வேகமாகக் கொண்டுபோய் விடுகிறான் தானியேல். நானும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அதன் பிறகு பார்த்தால் எல்லாரும் பேசுகிறார்கள், பேசுகிறார்கள், பேசிக்கொண்டே இருக்கிறார்கள். பெல்ஜியம் நாட்டுக் குற்றவாளி ஒருவன் எமிலியனிடம் பேசியே தப்பித்துவிடுகிறான். துரத்திப் பிடிக்க வேண்டிய டாக்சியே அவனைச் சவாரி ஏற்றி மொனாகோவில் இறக்கிவிட்டு வருகிறது! கமிஷனர் ஜிபேர் கத்துவதுதான் மீதிச் சிரிப்பு. முதல் மூன்று படங்களிலும் தானியேலின் காதலியாக வந்த மரியோன் கொத்தியார் இதில் இல்லை. அதே ஆண்டு எதித் பியாஃபாக நடித்து, அதற்கு ஆஸ்கர் வாங்கினார். பிழைக்கத் தெரிந்தவர்.

படத்தின் நடுவில் என் வீட்டுக்காரி, "ஏங்க, என்ன சொல்றான் அந்த ஆளு?" என்று கேட்டாள். சொன்னேன். "இதுக்கா சிரிக்கிறாங்க?" என்றாள். அடுத்த பத்து நிமிடத்தில் எழுந்து அரிசி களையப் போய்விட்டாள். நான் சொல்ல வந்த விமர்சனம் முழுவதும் அதில் அடங்கிவிட்டது.

அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்தபோது இதே வியாதியைப் பார்த்திருக்கிறேன். போன வருடக் குறிப்பைப் பார்த்து அப்படியே எழுதித் தேதியை மட்டும் மாற்றுவார்கள். கோப்பு நகரும், கையெழுத்தும் ஆகும். மனு கொடுத்தவன் என்ன கேட்டான் என்பதை மட்டும் யாரும் படித்திருக்க மாட்டார்கள். நான்காவது டாக்சி அப்படிப்பட்ட கோப்பு. பழைய பெயர்கள், பழைய கத்தல், புது எண். உள்ளே மனுவைக் காணோம்.

"45 லட்சம் பேர் டிக்கெட் வாங்கியிருக்காங்களே மாமா" என்றான் மருமகன். வாங்கினார்கள், மறுக்கவில்லை. முதல் படத்தின் மேல் இருந்த நம்பிக்கைக்குத்தான் அவர்கள் பணம் கொடுத்தார்கள். அந்த நம்பிக்கையை எடுத்துச் செலவழித்துவிட்டு லாபம் என்று எழுதிக்கொள்வது என்ன நியாயம்?

தொடர்படமே கூடாது என்று சொல்லவில்லை. லூயி த ஃபுய்னே நடித்த 'ஜாந்தார்ம்' படங்கள் ஆறு. பின்னால் வந்தவை தேய்ந்துதான் போயின. வேற்றுக்கிரகவாசிகள் வரை கொண்டுவந்தார்கள். ஆனால் சித்ரோயென் காரைத் தலைதெறிக்க ஓட்டும் அந்தக் கன்னியாஸ்திரி கடைசி வரை வந்தார். ஜனங்கள் எதற்காக வருகிறார்கள் என்பது அவர்களுக்கு நினைவிருந்தது.

நான் கேட்பதும் அவ்வளவுதான். டாக்சி என்று பெயர் வைத்தால் டாக்சியை ஓட்டுங்கள்.

மருமகன் ஊருக்குப் போய்விட்டான். அடுத்த விடுமுறைக்கு 2018இல் வந்த ஐந்தாம் படத்தைக் கொண்டுவருவதாகச் சொல்லியிருக்கிறான். கொண்டுவரட்டும். முதலில் என் வீட்டுக்காரியை உட்கார வைத்துப் போடுவோம். அவள் எழுந்து போகாமல் இருந்தால் நான் தோற்றதாக இங்கேயே எழுதுகிறேன்.