பாதி ஆட்டத்தில் ரூல் மாறலாமா?

கேரம் ஆடுகிறீர்கள். ரெட்டையும் போட்டு, ஃபாலோவும் போட்டாயிற்று. எதிராளி நிதானமாக, 'இன்னிக்கு ரெட்டுக்குப் பாயின்ட் கிடையாதுப்பா' என்கிறான். போர்டையே கவிழ்க்கத் தோன்றுமா, தோன்றாதா? இதையே வேலை கொடுக்கும் சர்க்கார் சொன்னால் கவிழ்க்க முடியாது. கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும்.

போனவர்களின் கதை இது. 2009-ல் ராஜஸ்தானில் 13 மொழிபெயர்ப்பாளர் வேலைக்கு விளம்பரம் வந்தது. எழுத்துத் தேர்வு, அப்புறம் இன்டர்வியூ. வந்தவர்கள் 21 பேர்தான். 21-ல் 13! டவுன் பஸ்ஸில் சீட் பிடிப்பதைவிட சுலபம். பாதிப் பேர் மனசுக்குள் அட்டென்டன்ஸில் கையெழுத்தே போட்டிருப்பார்கள். ரிசல்ட் வந்தது. தேறியவர்கள் மூன்றே பேர்!

விசாரித்தால், 75 சதவீதமாவது வாங்கியவர்களை மட்டும் எடுங்கள் என்று மேலிடத்து உத்தரவாம். ஆட்டம் ஆரம்பிக்கும்போது இந்த 75-ஐப் பற்றிப் பேச்சே இல்லை. சரி, ஹைகோர்ட்டில் முறையிடலாம் என்றால், அங்கேதான் தமாஷ். ஆள் எடுத்ததே ஹைகோர்ட்தான் சார்! உத்தரவு போட்டவர் தலைமை நீதிபதி. 2010-ல் கேஸ் தள்ளுபடி. டெல்லிக்கு ரயில் ஏறினார்கள்.

சுப்ரீம் கோர்ட்டில் இரண்டு பழைய தீர்ப்புகள் குறுக்கே நின்றன. ஒன்று 1973, ஹரியானா. நீதிபதி வேலை 15. 45 சதவீதம் வாங்கினால் தகுதி. 40 பேர் தேறினார்கள். சர்க்கார் 55-க்கு மேல் வாங்கிய 7 பேரை மட்டும் எடுத்துக்கொண்டது. 'தப்பில்லை' என்றது கோர்ட். இன்னொன்று 2008, ஆந்திரா. மாவட்ட நீதிபதி தேர்வில், இன்டர்வியூ எல்லாம் முடிந்த பிறகு 'இன்டர்வியூவிலும் பாஸ் மார்க் உண்டு' என்றார்கள். 'செல்லாது' என்றது அதே கோர்ட்! இதில் எது சரி? 2013-ல் கேள்வி பெரிய பெஞ்சுக்குப் போனது.

பதில் 2024 நவம்பர் 7-ம் தேதி வந்தது. ஐந்து நீதிபதிகளும் ஒரே குரலில் சொன்னார்கள்: ஆள் எடுப்பது விளம்பரத்தில் ஆரம்பித்து, காலியிடம் நிரம்புவதோடு முடிகிறது. நடுவில் தகுதி விதியை மாற்றக் கூடாது. ஹரியானா கேஸ் வேறு. அது லிஸ்ட்டில் வந்தவருக்கு வேலை கொடுத்தே ஆக வேண்டுமா என்பது. ஆந்திரா கேஸ், லிஸ்ட்டில் இடம் பெறும் உரிமை. இரண்டுக்கும் சண்டையே இல்லை!

உடனே ஸ்வீட் வாங்கக் கிளம்பாதீர்கள். இரண்டு ஓட்டைகள் இருக்கின்றன. 'மாற்றலாம்' என்று சர்வீஸ் விதியோ, விதிக்கு முரணில்லாத விளம்பரமோ முன்பே சொல்லியிருந்தால் மாற்றலாம். அப்போதும் இஷ்டத்துக்கு மாற்ற முடியாது. சமத்துவம் பேசும் 14-வது பிரிவுக்குப் பதில் சொல்லியாக வேண்டும். இரண்டாவது, லிஸ்ட்டில் பெயர் வந்தாலே வேலை உறுதி இல்லை. ஆனால் காலியிடம் இருந்தும் கொடுக்காவிட்டால், சர்க்கார் நியாயமான காரணம் காட்ட வேண்டும்.

ஆகவே குரூப் தேர்வோ, பேங்க் தேர்வோ, அப்ளிகேஷன் போடுகிற தம்பிகளே! விளம்பரத்தில் 'மொத்தக் காலியிடம்' என்ற வரியை மட்டும் நாலு தரம் படித்துவிட்டு மூடி வைக்காதீர்கள். கடைசிப் பக்கத்துப் பொடி எழுத்தையும் படியுங்கள். 'மாற்றும் உரிமை உண்டு' என்ற வாசகம் அங்கேதான் குந்தியிருக்கும். முழு விளம்பரத்தையும் ஒரு காப்பி எடுத்துப் பத்திரமாக வையுங்கள். நாளைக்கு வக்கீல் முதலில் கேட்கப்போவது அதைத்தான்.

இன்னொரு கணக்கும் உண்டு. பி.காம். தேவையில்லை, சாதாரணக் கழித்தல்தான். 2024-ல் 2009 போக 15. அன்று 25 வயசுப் பையனுக்குத் தீர்ப்பு வந்த அன்று 40. ரூலை நடுவில் மாற்றக் கூடாது என்று கோர்ட் சொல்லிவிட்டது, ரொம்ப சரி. வயசுக்கு யார் சார் ஸ்டே கொடுப்பது?